ஃபோல்டரை அழித்தால் கேம் போய்விடுமா?

கேள்வி: என் பழைய விண்டோஸ் கம்ப்யூட்டரில் நானும் தம்பியும் பத்து வருடமாக ஆன்லைன் கேம்கள் விளையாடினோம். இப்போது யாரும் தொடுவதில்லை. இடம் போதாமல், புரோகிராம் ஃபைல்ஸில் இருந்த கேம் ஃபோல்டர்களை எல்லாம் டெலிட் செய்துவிட்டேன். ஆனாலும் இன்ஸ்டால் ஆன புரோகிராம்களின் பட்டியலில் பெயர்கள் அப்படியே இருக்கின்றன. அன்இன்ஸ்டால் அழுத்தினால் பிழைச்செய்தி வருகிறது. ஆன் செய்யும்போதெல்லாம் 'கோப்பைக் காணோம்' என்று ஒரு பெட்டி வேறு. இன்னும் சில கேம்கள், கேம் விற்கும் ஸ்டீம் தளத்தின் மென்பொருளில் இருக்கின்றன. ஒரு பிஎஸ்4, ஒரு எக்ஸ்பாக்ஸ் ஒன் இரண்டையும் சுத்தம் செய்து அக்கா மகனுக்குக் கொடுக்க நினைக்கிறேன். எல்லாவற்றையும் மிச்சமில்லாமல் நீக்குவது எப்படி?

பதில்: நீங்கள் செய்ததைத்தான் நிறையப் பேர் செய்கிறார்கள். சிக்கல் என்னவென்றால், கேமை நீக்கும் அன்இன்ஸ்டாலர் பெரும்பாலும் அந்தக் கேமின் ஃபோல்டருக்குள்ளேயே இருக்கும். ஃபோல்டரோடு சேர்த்து அதையும் அழித்துவிட்டீர்கள். சாவியை உள்ளே வைத்துக் கதவைச் சாத்திய கதைதான். பட்டியலில் இப்போது மிஞ்சியிருப்பது ஒரு பெயரும், இல்லாமல் போன அந்த அன்இன்ஸ்டாலரின் முகவரியும் மட்டுமே. அழுத்தினால் பிழை வராமல் என்ன செய்யும்?

அதனால் கேட்கிற எல்லோரிடமும் நான் சொல்வது ஒன்றுதான்: அன்இன்ஸ்டால் பொத்தானைக் கடைசியில் அழுத்துங்கள். ஆன்லைன் கேமின் பாதி உங்கள் கம்ப்யூட்டருக்கு வெளியே இருக்கிறது. பணம், கணக்கு, சேவ் (ஆடிய நிலையின் பதிவு), கூடவே ஒட்டிக்கொண்டு வந்த உதிரிகள் என்று ஒவ்வொன்றாக முடித்துவிட்டுத்தான் கேமில் கை வைக்க வேண்டும். ஸ்டீமில் மிச்சம் இருப்பவற்றையாவது இந்த வரிசையில் செய்யுங்கள்.

பணத்திலிருந்து தொடங்குவோம். மாதச் சந்தா கட்டி விளையாடிய கேம் ஏதாவது இருந்ததா? கேமை அழித்தால் சந்தா நிற்காது. பணம் பிடிப்பது உங்கள் கம்ப்யூட்டர் இல்லை, எங்கோ இருக்கும் சர்வர். சந்தாவை எந்த வழியில் தொடங்கினீர்களோ அந்த வழியில்தான் நிறுத்த முடியும். கேம் நிறுவனத்தின் தளத்தில் கட்டினால் அங்கே, பிளேஸ்டேஷன் அல்லது எக்ஸ்பாக்ஸ் ஸ்டோர் வழியாகக் கட்டினால் அந்த ஸ்டோரில். நிறுத்திய கையோடு, சேமித்து வைத்த கார்டு விவரத்தையும் எடுத்துவிடுங்கள்.

கணக்கையே அழிப்பது வேறு விஷயம். ஸ்டீம் மாதிரி ஒரே கணக்கில் பல கேம்கள் இருக்கிற இடத்தில், ஒன்றுக்காகக் கணக்கை மூடினால் மொத்தமும் போய்விடும். என்னைக் கேட்டால் கணக்கை விட்டுவையுங்கள், பாஸ்வேர்டை மாற்றி இருபடிச் சரிபார்ப்பைப் போட்டால் போதும். இனி எட்டிக்கூடப் பார்க்கமாட்டேன் என்கிற ஒற்றைக் கேம் கணக்குகளை மட்டும் மூடுங்கள். ஒன்று கவனிக்க வேண்டும்: மெயில் முகவரி கொடுக்காமல் 'கெஸ்ட்' ஆக ஆடிய கேம் என்றால், அந்தக் கணக்குக்கு அந்தக் கருவியைத் தவிர வேறு ஆதாரம் இல்லாமல் இருக்கலாம். கேம் போனால் கணக்கைத் திரும்பப் பிடிப்பது கடினம்.

அடுத்து சேவ். ஆன்லைன் கேமில் உங்கள் லெவலும் பொருட்களும் சர்வரில்தான் இருக்கும். ஆனால் ஸ்கிரீன்ஷாட், ரீப்ளே, நீங்கள் பார்த்துப் பார்த்து அமைத்த கீ செட்டிங் எல்லாம் உங்களிடம் இருப்பவை. டாக்குமென்ட்ஸுக்குள் 'மை கேம்ஸ்', உங்கள் பயனர் ஃபோல்டருக்குள் 'சேவ்டு கேம்ஸ்', அப்புறம் மறைந்திருக்கும் 'ஆப்டேட்டா' ஆகிய மூன்று இடங்களிலும் தேடுங்கள். ஃபைல் எக்ஸ்புளோரரில் மறைந்த கோப்புகளைக் காட்டச் சொன்னால் ஆப்டேட்டா தெரியும். அதற்குள் லோக்கல், லோக்கல்லோ, ரோமிங் என்று மூன்று பிரிவுகள் இருக்கும், மூன்றையும் பாருங்கள். வேண்டியதை நகல் எடுத்துக்கொண்டு, கேம் பெயரிலோ நிறுவனத்தின் பெயரிலோ இருக்கும் ஃபோல்டர்களை மட்டும் அழியுங்கள். பெயர் புரியாவிட்டால் தொட வேண்டாம்.

இனி வருவதுதான் முக்கியமான பகுதி. கேமோடு வந்து, கேம் போன பிறகும் தங்கிவிடும் உதிரிகள்.

பழைய ஆன்லைன் கேம்கள் பலவற்றோடு 'பாண்டோ மீடியா பூஸ்டர்' என்ற ஒன்று சேர்ந்து வந்தது. பெரிய கேம் கோப்புகளை, இறக்கியவர்களின் கம்ப்யூட்டரிலிருந்தே மற்றவர்களுக்குப் பகிர்ந்து கொடுக்கும் மென்பொருள் அது. கேமை நீக்கினாலும் அது தனியாக உட்கார்ந்திருக்கும். 2013இல் அந்த நிறுவனத்தை மூடிவிட்டார்கள். 2014இல் அதன் இணைய முகவரி வேறு யார் கையிலோ சிக்கி, 'அப்டேட் வந்திருக்கிறது' என்று பெட்டி காட்டி, பிரவுசரைக் கடத்தும் மென்பொருளைத் தள்ளியது. ஆட்டத்தை மறந்துபோனவர்களின் கம்ப்யூட்டருக்கும் அந்தப் பெட்டி வந்தது. உங்கள் பட்டியலில் இந்தப் பெயர் இருந்தால் முதல் வேலையாக நீக்குங்கள்.

ஆன்டி-சீட் மென்பொருள் இன்னும் ஆழமானது. ஏமாற்றி ஆடுபவர்களைப் பிடிக்க விண்டோஸின் மையப் பகுதியான கெர்னல் வரைக்கும் இறங்கும் டிரைவர்கள் இவற்றில் உண்டு. வேலோரன்ட் கேமோடு வரும் ரயட் வேன்கார்டு, கம்ப்யூட்டர் ஆன் ஆகும்போதே ஏறி உட்காரும். பட்டியலில் தனிப் பெயராக இருக்கும், தனியாகவே நீக்க வேண்டும். பேட்டில்ஐ, ஈஸி ஆன்டி-சீட் இரண்டுக்கும் நீக்கும் கோப்பு பெரும்பாலும் கேம் ஃபோல்டருக்குள் அவற்றின் பெயரிலேயே இருக்கும் குட்டி ஃபோல்டரில் கிடைக்கும். கேமைக் கடைசியில் நீக்குங்கள் என்று நான் அடம்பிடிப்பதற்குப் பாதிக் காரணம் இதுதான். இன்னும் பழைய ஆட்கள் என்றால் பங்க்பஸ்டர், என்புரொடெக்ட் கேம்கார்டு.

பயமுறுத்துவதற்காகச் சொல்லவில்லை, ஆனால் 2022இல் டிரெண்ட் மைக்ரோ வெளியிட்ட ஓர் ஆய்வில், கென்ஷின் இம்பாக்ட் கேமின் ஆன்டி-சீட் டிரைவரைப் பயன்படுத்தி ஆன்டிவைரஸையே நிறுத்திய, கோப்புகளைப் பூட்டிப் பணம் கேட்கும் ரேன்சம்வேர் கும்பலைப் பற்றி எழுதியிருந்தார்கள். அந்த டிரைவர் கோப்பை, தாக்குதல் நடத்தியவர்களே கொண்டுவந்தார்கள், பாதிக்கப்பட்ட இடத்தில் கேம் இருக்க வேண்டிய அவசியமே இல்லை. இருந்தாலும் இந்த மாதிரி டிரைவருக்கு எவ்வளவு அதிகாரம் என்பது அதிலிருந்து புரியும். ஆடாத கேமுக்காக அப்படி ஒன்றை வைத்திருப்பானேன்?

என் கதையையும் சொல்லிவிடுகிறேன். என் கம்ப்யூட்டரில் விண்டோஸ் செக்யூரிட்டிக்குள் 'டிவைஸ் செக்யூரிட்டி', 'கோர் ஐசொலேஷன்' என்று போய், கெர்னலைப் பாதுகாக்கும் 'மெமரி இன்டெக்ரிட்டி'யை ஆன் செய்யப் பார்த்தேன். முடியாது, ஒத்துவராத டிரைவர் ஒன்று இருக்கிறது என்றது. எதுவென்று திறந்து பார்த்தால், எப்போதோ மூன்றே வாரம் ஆடிவிட்டு நீக்கிய கேமின் ஆன்டி-சீட் கோப்பு. கேமின் பெயரே எனக்கு மறந்துபோயிருந்தது. நீங்களும் அந்தப் பக்கத்தை ஒருமுறை திறந்து பாருங்கள், நல்ல சோதனை.

அநாதையாக நிற்கும் சர்வீஸ்களை (பின்னணியில் ஓடும் புரோகிராம்களை) கண்டுபிடிக்க, ஸ்டார்ட்டில் 'சர்வீசஸ்' என்று தேடித் திறங்கள். சந்தேகப்படும் பெயரை இரண்டு முறை கிளிக் செய்தால், மேலே 'சர்வீஸ் நேம்' இருக்கும், கீழே அது எந்தக் கோப்பை இயக்குகிறது என்ற பாதை இருக்கும். அந்தப் பாதை நீங்கள் அழித்த கேம் ஃபோல்டரைக் காட்டுகிறதா? ஆள் அகப்பட்டான். சர்வீஸ் நேமைக் குறித்துக்கொண்டு, கமாண்ட் பிராம்ப்டை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து, ஆங்கிலத்தில் எஸ்சி, இடைவெளி, டெலிட், இடைவெளி, அந்தப் பெயர் என்று தட்டினால் போய்விடும். இதை பவர்ஷெல்லில் செய்யாதீர்கள். விண்டோஸோடு வரும் பவர்ஷெல்லில் எஸ்சி என்ற இரண்டெழுத்துக்கு வேறு அர்த்தம். சர்வீஸ் அப்படியே இருக்க, 'டெலிட்' என்ற பெயரில் ஒரு புதுக் கோப்பு உருவாகும். சிரிப்பாகத்தான் இருக்கும், ஆனால் நீக்கியாச்சு என்று நம்பிப் போய்விடுவோம். எதற்கும், தொடங்கும் முன் ஒரு ரீஸ்டோர் பாயின்ட் போட்டுக்கொள்ளுங்கள்.

ஆன் செய்யும்போது வரும் 'கோப்பைக் காணோம்' பெட்டிக்கு இரண்டு இடம் பார்த்தால் போதும். டாஸ்க் மேனேஜரில் ஸ்டார்ட்அப் பகுதி, அங்கே கிடைக்காவிட்டால் டாஸ்க் ஷெட்யூலர். அழிந்துபோன லாஞ்சரின் அப்டேட்டர் ஏதாவது ஒன்று அங்கே உட்கார்ந்திருக்கும்.

சரி, பட்டியலில் நிற்கும் அந்தப் பெயர்களுக்கு வருவோம். கேம் இன்னும் கிடைக்கிறது என்றால், அதே இடத்தில் திரும்ப இன்ஸ்டால் செய்து, முறையாக அன்இன்ஸ்டால் செய்வதுதான் சுத்தமான வழி. அலுப்பான வேலைதான், ஆனால் உதிரிகளும் அதோடு போக வாய்ப்பு உண்டு. சர்வரே மூடிய கேம் என்றால், மைக்ரோசாஃப்ட் இலவசமாகக் கொடுக்கும் 'புரோகிராம் இன்ஸ்டால் அண்ட் அன்இன்ஸ்டால் டிரபிள்ஷூட்டர்' உதவும். பெயரைக் காட்டினால் பட்டியலிலிருந்து எடுத்துவிடும். விண்டோஸின் அமைப்புப் பதிவேடான ரெஜிஸ்ட்ரியைத் துடைத்துத் தருகிறோம் என்று வரும் கிளீனர்களை நான் சிபாரிசு செய்வதில்லை. மிஞ்சிய நாலு வரியால் கம்ப்யூட்டர் மெதுவாகாது, தப்பான வரி அழிந்தால்தான் தலைவலி.

பட்டியலைப் பார்க்கும்போது 'மைக்ரோசாஃப்ட் விஷுவல் சி++ ரீடிஸ்டிரிபியூட்டபிள்' என்று 2005, 2008, 2010 என ஏழெட்டு வரிசையாக நிற்கும். குப்பை மாதிரி தெரியும், தொடாதீர்கள். கேம்கள்தான் கொண்டுவந்தன என்றாலும் மற்ற மென்பொருள்களும் அவற்றை நம்பி ஓடுகின்றன.

ஸ்டீமில் இருப்பவை எளிது. லைப்ரரியில் கேமை ரைட் கிளிக் செய்து 'மேனேஜ்', அதற்குள் 'அன்இன்ஸ்டால்'. பிறகு 'ஸ்டீம்ஆப்ஸ்' ஃபோல்டரில் 'காமன்' உள்ளே அந்தப் பெயர் இன்னும் இருக்கிறதா பாருங்கள். மாட் (கேமை மாற்றும் கூடுதல் கோப்பு) போட்டு ஆடியிருந்தால் பெரும்பாலும் இருக்கும், ஏனென்றால் தான் வைக்காத கோப்பை ஸ்டீம் எடுக்காது. ஸ்டீமையே அன்இன்ஸ்டால் செய்தால் அதற்குள் இருக்கும் கேம்களும் சேர்ந்து போகும், தெரிந்து செய்யுங்கள்.

பலர் மறப்பது ரௌட்டர். அந்தக் காலத்தில் கேம் கனெக்ட் ஆகவில்லை என்றால் 'போர்ட் திறங்கள்' (வெளியிலிருந்து வரும் இணைப்புக்கு வழிவிடுங்கள்) என்பார்கள், நாமும் திறந்துவிட்டு மறந்துவிடுவோம். ரௌட்டர் செட்டிங்கில் போர்ட் ஃபார்வர்டிங் பக்கத்தில் பழைய வரிகள் இருந்தால் அழியுங்கள். விண்டோஸ் ஃபயர்வாலில் கேமுக்குக் கொடுத்த அனுமதிக்கும் இதே கதிதான்.

கன்சோல் இரண்டையும் கொடுத்துவிடப் போகிறீர்கள் என்பதால், கேமை ஒவ்வொன்றாக நீக்கி நேரத்தை வீணாக்க வேண்டாம். பிஎஸ்4இல் 'ஆப்ஷன்ஸ்' அழுத்தி டெலிட் செய்தால் கேம்தான் போகும், சேவ் அப்படியே இருக்கும். சேவ் வேண்டுமென்றால் செட்டிங்ஸில் 'அப்ளிகேஷன் சேவ்டு டேட்டா மேனேஜ்மென்ட்' வழியாக யுஎஸ்பியில் நகல் எடுங்கள். இதற்கு பிளேஸ்டேஷன் பிளஸ் சந்தா தேவையில்லை. அப்புறம் அக்கவுன்ட் மேனேஜ்மென்ட்டில் 'பிரைமரி பிஎஸ்4' என்பதை டீஆக்டிவேட் செய்துவிட்டு, 'இனிஷியலைஸ்' போய் 'ஃபுல்' தேர்ந்தெடுங்கள். பல மணி நேரம் ஓடும், நடுவில் அணைக்காதீர்கள்.

அதற்கு முன் ஒரு எச்சரிக்கை. ஸ்டோரிலிருந்து எடுத்துவிட்ட கேம் ஏதாவது அந்த பிஎஸ்4இல் இருந்தால் அழிக்கும் முன் யோசியுங்கள். 2014இல் இலவசமாக வந்த 'பி.டி.' என்ற திகில் கேமை 2015இல் ஸ்டோரிலிருந்து எடுத்தார்கள். அழித்தவர்களால் திரும்ப இறக்க முடியவில்லை.

எக்ஸ்பாக்ஸில் சேவ்கள் தாமாகவே கிளவுடுக்குப் போய்விடும். அதனால் ஒருமுறை இணையத்தில் இணைத்து ஒத்திசைய விட்டுவிட்டு, செட்டிங்ஸில் 'சிஸ்டம்', 'கன்சோல் இன்ஃபோ', 'ரீசெட் கன்சோல்' என்று போய் 'ரீசெட் அண்ட் ரிமூவ் எவ்ரிதிங்' கொடுங்கள். பக்கத்திலேயே கேம்களை வைத்துக்கொள்ளும் ரீசெட்டும் இருக்கும், அது உங்களுக்கு வேண்டாம். சேவ்களைத் தனித்தனியாக நீக்கும்போது 'டெலிட் எவ்ரிவேர்' என்று வந்தால் ஒரு நிமிடம் நில்லுங்கள். அது கிளவுடில் இருப்பதையும் சேர்த்து அழித்துவிடும்.

ரீசெட் போடுவதற்கு முன் இரண்டு கன்சோலிலும் ஒருமுறை எஜெக்ட் அழுத்திப் பாருங்கள். பழைய டிஸ்க் ஒன்று உள்ளேயே இருக்க நிறைய வாய்ப்பு உண்டு.