நாவலில் வரும் பாதிரியாரை எப்படிப் படிப்பது?

கேள்வி: எங்கள் வாசிப்பு வட்டத்தில் அடுத்த மாதம் 25 நிமிடக் கட்டுரை ஒன்றை வாசிக்க வேண்டும். தலைப்பு, 'நாவல்களில் பாதிரியார்கள்'. ஜேன் ஆஸ்டினிடம் பாதிரியார் சிரிப்புக்கு ஆளாகிறார். விக்டோரியா காலத்தில் சந்தேகத்தில் தவிக்கிறார். 20-ஆம் நூற்றாண்டில் குடிகாரராகவோ நம்பிக்கையே இல்லாதவராகவோ வருகிறார். மத நம்பிக்கை படிப்படியாகத் தேய்ந்ததைத்தான் இது காட்டுகிறது என்று எழுதி வைத்திருக்கிறேன். டார்வினுக்குத் தனிப் பகுதி உண்டு. படித்துப் பார்த்த நண்பர், "கோடு ரொம்ப நேராக இருக்கிறதே" என்கிறார். எங்கே இடிக்கிறது?

பதில்: முதல் படியிலேயே இடிக்கிறது. பாதிரியாரைப் பார்த்துச் சிரிப்பதை அவநம்பிக்கையின் தொடக்கம் என்று வைத்துக்கொண்டீர்கள். மதம் அசையாமல் நிற்கும் சமூகத்தில்தான் அதன் குருக்களைத் தாராளமாகக் கிண்டலடிக்க முடியும். 14-ஆம் நூற்றாண்டின் இறுதியில் சாசர் எழுதிய 'கேன்டர்பரி கதைக'ளில் பாவமன்னிப்புச் சீட்டு விற்பவனும் வேட்டைப் பித்துப் பிடித்த துறவியும் தோலுரிக்கப்படுகிறார்கள். அதே யாத்திரைக் கூட்டத்தில் ஏழைப் பங்குக் குரு (ஊர்க் கோயிலுக்கு உட்பட்ட வட்டாரமே பங்கு) ஒருவர் அப்பழுக்கில்லாமல் நடந்து வருகிறார். கடவுளைப் பற்றி அங்கே யாருக்கும் சந்தேகமில்லை. கடவுள் பெயரைச் சொல்லிப் பிழைத்தவர்கள்தான் அடி வாங்குகிறார்கள். நாவலாசிரியர் கிண்டலை விட்டுவிட்டுப் பாதிரியாரைக் கவலையோடு பார்க்கத் தொடங்கும் இடத்தில்தான் நீங்கள் காதைத் தீட்டிக்கொள்ள வேண்டும்.

ஆஸ்டினையே எடுத்துக்கொள்வோம். தந்தை ரெக்டர், அதாவது ஒரு பங்கின் குரு. ஜேம்ஸ், ஹென்றி என்ற இரண்டு அண்ணன்மாரும் குருப்பட்டம் பெற்றவர்கள். ஆனாலும் அவர் நாவல்களில் ஒரு பாதிரியார் மண்டியிட்டு உருகும் காட்சியைத் தேடினால் கிடைக்காது. விருந்து, நடனம், சீட்டாட்டம், கல்யாணப் பேச்சு என்றே அவர்கள் பொழுது போகிறது. இதற்குப் பக்திக் குறைவைக் காரணமாகச் சொல்ல வேண்டியதில்லை. அன்றைய இங்கிலாந்தில் அந்த வேலை இருந்த விதமே அப்படி. ஒரு பங்குக்குக் குருவை நியமிக்கும் உரிமை நிலபுலம்போல ஒரு சொத்து. விற்கலாம், வாங்கலாம், பிள்ளைக்கு எழுதி வைக்கலாம். 'சென்ஸ் அண்ட் சென்சிபிலிட்டி'யில் (1811) கர்னல் பிராண்டன் ஆண்டுக்கு 200 பவுண்டு வரும் டெலஃபோர்டு பங்கை எட்வர்ட் ஃபெரார்ஸுக்குச் சும்மா கொடுக்கிறார். கதாநாயகிகளின் மூத்த தாரத்து அண்ணன் ஜான் டாஷ்வுட்டுக்கு இது தாங்கவில்லை. முன்பு இருந்த குரு கிழவராகவும் நோயாளியாகவும் இருந்தபோதே அடுத்த நியமனத்தை விற்றிருந்தால் 1,400 பவுண்டு தேறியிருக்குமே என்று அங்கலாய்க்கிறான். ஒரு குருவின் சாவை எதிர்பார்த்து விலை பேசும் இந்த வாயைத்தான் ஆஸ்டின் குத்துகிறார். எட்வர்டையோ திருச்சபையையோ அவர் தொடவில்லை.

ஆங்கில நாவலில் பாதிரியார்கள் மலிந்து கிடப்பதற்கு இன்னொரு காரணமும் உண்டு. ஆங்கிலிக்கன் குரு, அதாவது இங்கிலாந்தின் அரசுத் திருச்சபைக் குரு, கல்யாணம் செய்துகொள்ளலாம். படித்தவர், வருமானம் ஊருக்கே தெரியும், கையோடு வீடும் கிடைக்கும். கல்யாணத்தை மையமாக வைத்து எழுதுபவருக்கு இதைவிட வசதியான மாப்பிள்ளை எங்கே கிடைப்பான்? கத்தோலிக்க நாடுகளின் நாவல்களில் இந்த வழி அடைபட்டிருப்பதால் அங்கே பாதிரியார் வேறு வாசல் வழியாகக் கதைக்குள் வருகிறார். அதைப் பிறகு பார்ப்போம்.

எனவே நம்பிக்கையைப் பற்றி ஒரு வரி எழுதுவதற்கு முன், உங்கள் பட்டியலில் உள்ள ஒவ்வொரு பாதிரியாருக்கும் ஒரு தாளில் இவற்றைக் குறித்துக்கொள்ளுங்கள்: வருமானம் எவ்வளவு, எங்கிருந்து வருகிறது, நியமித்தவர் யார், விலக்கக்கூடியவர் யார். கதை நடக்கும் ஆண்டையும் நூல் வெளியான ஆண்டையும் தனித்தனியாக எழுதுங்கள். அன்று ரெக்டர் என்றால் தானியம், உலர்புல் மீதான பெரிய தசமபாகம் (விளைச்சலில் பத்தில் ஒன்று) உட்பட எல்லாம் அவருக்கு. விகாருக்குப் பொதுவாகச் சிறிய தசமபாகம் மட்டும். க்யூரேட் சம்பளக்காரர். முதல் இருவரும் பங்கில் ஒருமுறை அமர்ந்துவிட்டால் அது ஆயுள் உரிமை. கொடுத்த பிரபுவே நினைத்தாலும் கிளப்ப முடியாது. 'பிரைட் அண்ட் பிரெஜுடிஸ்' (1813) நாவலின் பாதிரியார் காலின்ஸ், தனக்குப் பங்கைக் கொடுத்த லேடி கேத்தரினிடம் குழைவதை இது தெரிந்து படித்துப் பாருங்கள். வேலை போய்விடும் என்ற பயமே இல்லாத ஆள் போடும் கும்பிடு அது. அந்த ஆளின் கோமாளித்தனமே அங்கேதான் இருக்கிறது.

இந்தக் கணக்கு பிற்கால நாவல்களுக்கும் உதவும். 1836-ஆம் ஆண்டுச் சட்டம் தசமபாகத்தைத் தானிய விலையோடு பிணைத்த பணமாக மாற்றியது. 1870-களின் பிற்பகுதியிலிருந்து தானிய விலை சரிந்தபோது குருமாரின் வருமானமும் சேர்ந்து சரிந்தது. 1880-களின் கதையில் கிழிந்த அங்கியோடு ஒரு விகார் வந்தால், மக்கள் கோயிலுக்கு வருவதை நிறுத்திவிட்டார்கள் என்று உடனே எழுதிவிடாதீர்கள். கப்பலில் வந்து இறங்கிய அமெரிக்கக் கோதுமைக்கும் அதில் பங்கு உண்டு.

காசுக்கணக்கே கதையாகும் இடம் விக்டோரியா கால நாவலாசிரியர் டிரலப். 'தி வார்டன்' (1855) நாவலில் ஹார்டிங் என்ற பாதிரியார் 12 முதியவர்கள் தங்கிய அறநிலையத்தைக் கவனிக்க ஆண்டுக்கு 800 பவுண்டு பெறுகிறார். முதியவருக்கு நாளொன்றுக்கு 1 ஷில்லிங் 4 பென்ஸ். ஹார்டிங் தன் கையிலிருந்து 2 பென்ஸ் கூட்டிக் கொடுக்கிறார். 800 பவுண்டை நாள்கணக்கில் பிரித்தால் ஒரு முதியவருக்குக் கிடைப்பதைப்போல ஏறத்தாழ முப்பது மடங்கு. மனிதர் நல்லவர், ஏற்பாடு தவறானது, அது தெரிந்ததும் அவருக்குத் தூக்கம் போகிறது. நாவல் முழுக்க வேதத்தைப் பற்றி ஒரு சந்தேகமும் எழுவதில்லை. அதே ஆசிரியரின் 'லாஸ்ட் கிரானிக்கிள் ஆஃப் பார்செட்'டில் (1867) 130 பவுண்டில் குடும்பம் நடத்தும் பாதிரியார் கிராலி மீது 20 பவுண்டு காசோலையைத் திருடியதாகப் பழி விழுகிறது. இந்த இரண்டையும் சந்தேக நாவல்களோடு ஒரே பெட்டியில் போடக் கூடாது. இவை சீர்திருத்தக் காலத்து நாவல்கள். திருச்சபையைத் திருத்தலாம் என்று இன்னும் நம்புபவை.

உங்கள் நேர்கோட்டை உண்மையில் உடைப்பவர் ஜார்ஜ் எலியட். 1842 ஜனவரியில் கோயிலுக்குப் போக மறுத்துத் தந்தையோடு மோதியவர் அவர் (சில மாதங்களில் சமரசமாகி மறுபடி போனார்). டேவிட் ஸ்ட்ராஸின் இயேசு வரலாற்றை 1846-லும் ஃபாயர்பாக்கின் கிறிஸ்தவ விமர்சனத்தை 1854-லும் ஆங்கிலத்தில் தந்தவர். அப்படிப்பட்டவர் கதை எழுத உட்கார்ந்ததும் முதலில் எடுத்துக்கொண்டது யாரை? 80 பவுண்டுச் சம்பளத்தில் மனைவியையும் ஆறு குழந்தைகளையும் காப்பாற்றத் திணறும், பேச்சுத் திறமையோ கவர்ச்சியோ இல்லாத ஏமஸ் பார்ட்டன் என்ற க்யூரேட்டை. 1857-இல் பத்திரிகையில் பெயரில்லாமல் வந்த அந்தக் கதைகளைப் படித்த பலர், எழுதியவர் ஒரு பாதிரியாராகத்தான் இருக்க வேண்டும் என்று நினைத்தார்கள். அத்தனை நெருக்கம், அத்தனை பரிவு. விசுவாசியான ஆஸ்டின் காலின்ஸைப் படைக்கிறார், விசுவாசத்தை விட்ட எலியட் பார்ட்டனுக்காகக் கண்ணீர் விட வைக்கிறார். ஆசிரியரின் நம்பிக்கையைக் கதாபாத்திரத்தின் குணத்திலிருந்து கணக்கிடும் சூத்திரம் இங்கே உடைந்துபோகிறது. கோட்பாடு போன பிறகு எலியட்டுக்கு மதத்தில் மிஞ்சியது சக மனிதன் மேல் பரிவு. அதைக் காட்ட அவருக்குத் தோற்றுப்போன குரு ஒருவர் தேவைப்பட்டார்.

ஆண்டுகளைத் தனித்தனியாகக் குறிக்கச் சொன்னதற்கும் அவரே சாட்சி. 'மிடில்மார்ச்' 1871–72-இல் வெளிவந்தது. கதை நடப்பது 1829–32-இல். கசாபனும் ஃபேர்பிரதரும் 1830-இன் குருமார் என்று எழுதினால் பாதிதான் சரி. ஸ்ட்ராஸ் படித்த, டார்வின் படித்த 1870-களின் கண் அவர்களைத் திரும்பிப் பார்க்கிறது. கட்டுரைகளில் அதிகம் நடக்கும் பிழை இதுதான்.

இனி டார்வின். அந்தப் பகுதியைச் சுருக்கிவிடுங்கள். ஜே. ஏ. ஃப்ரூடின் 'தி நெமிசிஸ் ஆஃப் ஃபெய்த்' நம்பிக்கை குலைந்த இளம் குருவின் கதை. 1849-இல் வந்தபோது, ஃப்ரூட் பணியாற்றிய ஆக்ஸ்ஃபோர்டு எக்ஸிடர் கல்லூரியிலேயே அதன் பிரதி ஒன்று நெருப்பில் போடப்பட்டது. அவர் பதவியைத் துறந்தார். டார்வினின் 'உயிரினங்களின் தோற்றம்' வெளியாக அப்போது இன்னும் 10 ஆண்டுகள் இருந்தன. சந்தேகத்தை முதலில் கொண்டுவந்தது ஜெர்மன் வேத ஆராய்ச்சி. நற்செய்திகளை மற்றப் பழைய ஆவணங்களைப்போலச் சோதித்துப் பார்க்கும் முறை. 1860-இல் 'எஸ்ஸேஸ் அண்ட் ரிவ்யூஸ்' தொகுப்பில் இதையொட்டி எழுதிய ஏழு பேரில் ஆறு பேர் குருமார்கள். 1888-இல் பெரும் விற்பனை கண்ட மேரி வார்டின் 'ராபர்ட் எல்ஸ்மியர்' நாவலில் நாயகனைச் சாய்ப்பதும் ஊர்ப் பிரபுவின் நூலகமும், பழங்காலச் சாட்சியங்களை எவ்வளவு நம்பலாம் என்ற வரலாற்றுக் கேள்வியும்தான். எல்ஸ்மியர் கடவுளைக் கைவிடுவதில்லை. அற்புதங்களை மட்டும் விட்டுவிட்டு, பங்கைத் துறந்து, லண்டனின் ஏழை மக்களிடையே புதிய சகோதரக் குழு ஒன்றைத் தொடங்குகிறார். முன்னாள் பிரதமர் கிளாட்ஸ்டன் உட்கார்ந்து நீண்ட மதிப்புரை எழுதும் அளவுக்கு அது திருச்சபையைக் கலக்கியது.

எல்ஸ்மியரால் அப்படி வெளியே வர முடிந்ததற்கு ஒரு சட்டமும் காரணம். 1870 வரை இங்கிலாந்தில் குருப்பட்டத்தைச் சட்டப்படி துறக்க வழியில்லை. வேலையை விடலாம், பட்டம் விடாது. அந்த ஆண்டுச் சட்டம்தான் கதவைத் திறந்தது. நம்பிக்கை போன பிறகு ஒரு குரு வேறு வாழ்க்கையைத் தொடங்குகிறாரா, அல்லது ஆசிரியர் அவரைச் சாகடித்துத்தான் கதையை முடிக்கிறாரா என்று பாருங்கள். அது 1870-க்கு முன்னா பின்னா என்பதையும் பக்கத்தில் எழுதுங்கள்.

ஒரு விடுபடலையும் சரிசெய்யுங்கள். 1851 மார்ச் 30-இல் இங்கிலாந்திலும் வேல்ஸிலும் நடந்த வழிபாட்டுக் கணக்கெடுப்பில், வழிபாட்டுக்கு வந்தவர்களில் ஏறத்தாழப் பாதிப் பேர் அரசுத் திருச்சபைக்கு வெளியே இருந்தார்கள். அந்தச் சபைகள் பலவற்றில் போதகருக்கு ஆயுள் உரிமை கிடையாது. சபையார் வைத்தால் உண்டு. அவருடைய சந்தேகம் பிரபுவின் நூலகத்தில் வருவதில்லை, ஞாயிற்றுக்கிழமை பிரசங்கத்தில் மாட்டிக்கொள்கிறது. 'மார்க் ரதர்ஃபோர்டின் சுயசரிதை' (1881) என்ற நாவல் இதற்குச் சரியான மாதிரி. எழுதிய வில்லியம் ஹேல் வைட், வேதத்தைப் பற்றிய கருத்துகளுக்காக 1852-இல் இறையியல் கல்லூரியிலிருந்து வெளியேற்றப்பட்டவர்.

20-ஆம் நூற்றாண்டுப் பகுதியில் நீங்கள் குடிகாரக் குருவையும் நம்பிக்கையற்ற குருவையும் ஒரே வரியில் சேர்த்திருக்கிறீர்கள். இரண்டும் எதிரெதிர்த் திசை. கிரஹாம் கிரீனின் 'தி பவர் அண்ட் தி குளோரி' (1940) மெக்சிகோவில் குருமாரை வேட்டையாடிய காலத்துக் கதை. பெயர் சொல்லப்படாத அந்தக் குரு குடிக்கிறார், அவருக்கு ஒரு மகள் இருக்கிறாள், தன்னைப் பற்றி அவருக்கே மதிப்பில்லை. ஆனால் கத்தோலிக்கப் போதனைப்படி திருச்சடங்கின் வலிமை அதைச் செய்பவரின் ஒழுக்கத்தைப் பொறுத்ததல்ல. மது தடைசெய்யப்பட்ட மாநிலத்தில் அவர் கள்ளத்தனமாக ஒரு புட்டி திராட்சை மதுவும் கொஞ்சம் பிராந்தியும் வாங்கும் காட்சியை நிதானமாகப் படியுங்கள். விற்றவனோ ஆளுநரின் சொந்தக்காரன். மரியாதைக்கு ஒரு வாய் ஊற்றிக் கொடுக்க வேண்டியதாகிறது. அவர்கள் பிராந்தியைத் தொடாமல் திராட்சை மதுவையே குடித்துத் தீர்க்கிறார்கள். குரு அழுகிறார். குடிகாரனுக்கு ஏன் அழுகை, பிராந்திதான் மிஞ்சியிருக்கிறதே என்று பார்ப்பவர்களுக்குத் தோன்றும். திருப்பலிக்குத் திராட்சை மதுதான் செல்லும், பிராந்தி செல்லாது. இந்த ஒரு விதி தெரியாவிட்டால் அந்தக் காட்சி வெறும் குடிகாரன் கதையாகிவிடும்.

ஸ்பானிய எழுத்தாளர் உனாமுனோவின் 'புனித மனுவேல் புவேனோ' (1931) இதற்கு மறுதலை. ஒழுக்கத்தில் குறை சொல்ல முடியாத பங்குத்தந்தை. ஊரே புனிதர் என்கிறது. ஊரார் எல்லாரும் ஒரே குரலில் விசுவாசப் பிரமாணம் சொல்லும்போது, சரீர உத்தானமும் (உடல் உயிர்த்தெழுவது) நித்திய வாழ்வும் வரும் இடத்தில் அவர் குரல் மட்டும் மக்கள் குரலுக்குள் மூழ்கிப்போகிறது. அந்த வரியை அவர் சொல்வதே இல்லை. இங்கே மக்கள் நம்புகிறார்கள், குருவால்தான் முடியவில்லை. நம்பிக்கை தேய்ந்தது என்றால் யாருடையது என்று கேட்க வைக்கும் கதை.

கோடு அதன் பிறகும் இறங்கிக்கொண்டே போகவில்லை. மெரிலின் ராபின்சனின் 'கிலியட்' (2004) 1956-இல் ஐயோவாவில் எழுபதைக் கடந்த ஒரு போதகர் தன் சிறு மகனுக்கு எழுதும் கடிதம். நம்பிக்கை கொண்ட மனிதர், கிண்டல் இல்லை, வீழ்ச்சி இல்லை. 2005-இல் புலிட்சர் பரிசும் பெற்றது.

25 நிமிடத்துக்கு நான்கு நூல் தாராளம்: 'சென்ஸ் அண்ட் சென்சிபிலிட்டி', ஏமஸ் பார்ட்டன் கதை, 'ராபர்ட் எல்ஸ்மியர்', உனாமுனோ. எல்ஸ்மியர் தடிமனான புத்தகம்; பிரபுவின் நூலகம் வரும் அத்தியாயங்களையும் மனைவி கேத்தரினிடம் உண்மையைச் சொல்லும் இடத்தையும் படித்தால் கட்டுரைக்குப் போதும். ஒவ்வொரு நூலிலிருந்தும் குரு தன் தொழிலைச் செய்யும் ஒரே ஒரு காட்சியை வாசித்துக் காட்டுங்கள். ஆஸ்டினில் அப்படி ஒன்று கிடைக்காது. பங்குக்கு விலைபோடும் ஜான் டாஷ்வுட்டின் பேச்சை அந்த இடத்தில் வையுங்கள். கிரீனைக் கேள்வி நேரத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள். குடிகாரக் குருவைப் பற்றி யாராவது நிச்சயம் கேட்பார்கள்.