பழைய அமெரிக்க நடிகர்களில் நீங்கள் அதிகம் மதிப்பவர் யார்? ஏன்?

ஜாக் க்ளக்மன்.

இவரிடம் நான் வந்து சேர்ந்தது சினிமா வழியாக அல்ல, அலுவலக வேலை வழியாக. மருந்துகளுக்கு அனுமதி கேட்டு அரசுக்கு அனுப்பும் கோப்புகளைத் தயாரிப்பதுதான் என் வேலை. அதில் 'ஆர்ஃபன் டிரக்' என்ற சொல் அடிக்கடி வரும். மிகச் சிலருக்கே வரும் நோய்க்கான மருந்து, அதனால் எந்தக் கம்பெனியும் தயாரிக்க முன்வராத மருந்து என்று பொருள். இதற்கான அமெரிக்கச் சட்டம் எப்படிப் பிறந்தது என்று ஒருநாள் தேடிப் படித்தேன். அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸின் குழு முன் சாட்சி சொன்னவர்களில் ஒரு டிவி நடிகரும் இருந்தார். படத்தைப் பார்த்ததும் அடையாளம் தெரிந்துவிட்டது. '12 ஆங்ரி மென்' படத்தின் ஐந்தாம் ஜூரி!

கத்திக்குத்துக் கொலை வழக்கு ஒன்றில் முடிவெடுக்கக் கூடும் பன்னிரண்டு ஜூரிகளின் கதை அது. 1957இல் வந்த அந்தப் படத்தில் எல்லோருக்கும் நினைவிருப்பவர்கள் ஹென்றி ஃபோண்டாவும் லீ ஜே. காபும்தான். க்ளக்மன் பாதிப் படம்வரை அதிகம் பேசமாட்டார். சேரியில் வளர்ந்தவர் என்பதால், சேரிப் பையன்களைப் பற்றி மற்றவர்கள் இளக்காரமாகப் பேசும்போது அவர் முகம் சுருங்கும். பிறகு எழுந்து, ஸ்விட்ச் கத்தியைப் பழகியவன் மேலிருந்து குத்தமாட்டான், கீழிருந்துதான் குத்துவான் என்று பிடித்தே காட்டுவார். அவமானமாக மறைத்துவைத்த பிறப்பிடமே அங்கே சாட்சியாக மாறுகிறது. நான் திரும்பத் திரும்பப் பார்க்கும் காட்சி அது.

அவர் நிஜத்திலும் ஏழைக் குடும்பம்தான். 1922இல் ஃபிலடெல்ஃபியாவில் பிறந்தார். அப்பா வீடுகளுக்கு வர்ணம் பூசுபவர், அம்மா தொப்பி தைப்பவர். ராணுவத்தில் இருந்துவிட்டு வந்து நடிப்புப் படித்தார். நியூயார்க்கில் வாய்ப்புத் தேடிய காலத்தில் அவருடைய அறைத்தோழர், பின்னாளில் ஆக்‌ஷன் படங்களால் புகழ்பெற்ற சார்ல்ஸ் ப்ரான்சன். இருவருக்குமே கதாநாயகக் களை கிடையாது. ஆனால் ஐம்பதுகளின் டிவி, நேரலை நாடகங்களுக்காகத் தேடியது இப்படித் தெருவில் பார்க்கிற முகங்களைத்தான். 'ட்வைலைட் ஸோன்' என்ற விநோதக் கதைத் தொடரில் நான்கு கதைகளில் முக்கிய வேடம். 1964இல் 'தி டிஃபெண்டர்ஸ்' தொடரில், அரசியல் காரணத்தால் வேலை மறுக்கப்பட்ட ஒரு நடிகராக நடித்து, டிவிக்கான எம்மி விருது வாங்கினார். அதற்குப் பிறகு நடிகர் டோனி ராண்டலுடன் 'தி ஆட் கப்பிள்' என்ற நகைச்சுவைத் தொடர், 1970 முதல் 75 வரை. வீட்டைக் குப்பையாக வைத்திருக்கும் ஆஸ்கர் என்ற பாத்திரமாக அமெரிக்காவையே சிரிக்கவைத்தார். இன்னும் இரண்டு எம்மி.

ஆனால் நான் அவரை மதிப்பது 1976இல் தொடங்கிய 'க்வின்ஸி' தொடரால். லாஸ் ஏஞ்சலிஸில் பிரேதப் பரிசோதனை செய்யும் டாக்டர் வேடம். அரிய நோய் உள்ளவர்களுக்கு மருந்தில்லை என்ற பத்திரிகைச் செய்தி ஒன்று, அந்தத் தொடரில் வேலை பார்த்த அவருடைய அண்ணன் மாரிஸின் கண்ணில் பட்டது. டூரெட் நோய் (உடல் தானாகத் துடிப்பதும் வாய் தானாக ஒலி எழுப்புவதுமான நரம்புக் கோளாறு) உள்ள ஒரு பையனை வைத்து 1981இல் ஒரு கதை எடுத்தார்கள். அதே ஆண்டு காங்கிரஸ் உறுப்பினர் ஹென்றி வாக்ஸ்மனின் குழு முன்னால் க்ளக்மன் நேரில் போய்ப் பேசினார். நோயாளிகளின் பெற்றோர் பேசியபோது எட்டிப் பார்க்காத கேமராக்கள் அன்றைக்கு வந்தன. அது நியாயமில்லைதான். ஆனால் தன் முகத்துக்கு அந்த விலை இருக்கிறது என்று தெரிந்து, அதைத் தேவையான இடத்துக்குக் கொண்டுபோனார் அவர்.

ஆர்ஃபன் டிரக் மசோதா காங்கிரஸின் மேலவையான செனட்டில் சிக்கிக்கொண்டது. 1982 அக்டோபரில் க்வின்ஸி மீண்டும் அதே பிரச்சினையைக் கையிலெடுத்தது. கதையிலும் ஒரு செனட்டர் மசோதாவுக்கு முட்டுக்கட்டை போடுகிறார். ஜன்னல் வழியே அவர் எட்டிப் பார்க்கும்போது கீழே தெரு நிறைய ஊர்வலம். அதில் பதாகை பிடித்து நடந்தவர்கள் துணை நடிகர்கள் அல்ல, உண்மையிலேயே அரிய நோய்களோடு வாழ்ந்த நூற்றுக்கணக்கானவர்கள். 1983 ஜனவரி 4 அன்று அதிபர் ரீகன் சட்டத்தில் கையெழுத்திட்டார். இரண்டு லட்சத்துக்கும் குறைவான நோயாளிகள் உள்ள நோய்க்கு மருந்து கண்டுபிடித்தால் வரிச்சலுகை, ஏழு ஆண்டுகள் தனி விற்பனை உரிமை. இன்று இதே உரிமையை வைத்துக் கம்பெனிகள் கண்ணைக் கட்டும் விலை வைப்பதையும் நான் தினமும் பார்க்கிறேன், அது எனக்கு வேதனைதான். ஆனாலும் இந்தச் சட்டம் இல்லாவிட்டால் அந்த மருந்துகளில் பல பிறந்தே இருக்காது.

1989இல் தொண்டைப் புற்றுநோய்க்கான அறுவை சிகிச்சையில் க்ளக்மன் ஒரு குரல்நாணை இழந்தார். பேச்சே நின்றுபோனது. குரல் திரும்பினால் சேர்ந்து நடிக்க ஒரு மேடை தேடித் தருகிறேன் என்று ராண்டல் வாக்குக் கொடுத்திருந்தார். பயிற்சி எடுத்து, கரகரத்த ஒரு குரலை மீட்டுக்கொண்டு, 1991இல் ஒரே ஒரு இரவு மீண்டும் ஆஸ்கராக, நியூயார்க்கின் ப்ராட்வே நாடக மேடையேறினார். பின்னர் டிவிக்கும் திரும்பினார். 2012 டிசம்பர் 24 அன்று, 90 வயதில் காலமானார். அந்தப் பன்னிரண்டு ஜூரிகளில் கடைசியாகப் போனவர் அவர்தான்.

பார்க்க நினைப்பவர்கள் ட்வைலைட் ஸோனின் 'எ பாசேஜ் ஃபார் ட்ரம்பெட்' கதையிலிருந்து தொடங்குங்கள். அரை மணி நேரம்தான். தான் யாருக்கும் தேவையில்லை என்று நினைக்கும் ஒரு ட்ரம்பெட் கலைஞன். வசனம் இல்லாத இடங்களில் அவர் கண்களைக் கவனியுங்கள்.