பழைய ஜப்பானிய காட்ஜில்லா வகைப் படங்களில் உங்களுக்குப் பிடித்த துணை நடிகர் யார்?

யோஷியோ சுச்சியா. இதற்கு நான் யோசிக்கவே வேண்டியதில்லை.

பெயர் தெரியாதவர்களுக்கும் முகம் நினைவிருக்கும். இயக்குநர் அகிரா குரோசாவாவின் 'செவன் சாமுராய்' (1954) படத்தில் ரிகிச்சி என்ற விவசாயியாக வருவாரே, அவர்தான். 'உனக்கு ஒரு பெண்டாட்டி வேண்டுமப்பா' என்ற தோரணையில் யாரோ கேலி செய்ததும் முகம் இறுகி எழுந்து ஓடுவார். காரணம் வெகுநேரம் கழித்துத்தான் நமக்குத் தெரியும். கொள்ளையர் குடியிருப்பு எரிகிறது, உள்ளேயிருந்து ஒரு பெண் வெளியே வருகிறாள். ரிகிச்சியைப் பார்த்ததும் அப்படியே திரும்பி நெருப்புக்குள் போய்விடுகிறாள். தூக்கிச் செல்லப்பட்ட அவன் மனைவிதான் அவள். பின்னாலேயே பாயும் அவனைப் பிடித்து இழுக்கும், ஊரைக் காக்க வந்த சாமுராய் வீரர் குண்டடிபட்டுச் சாகிறார். அந்த நேரத்தில் சுச்சியாவின் முகத்தைப் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். 1961-இல் 'யோஜிம்போ'விலும் மனைவியைப் பறிகொடுத்த ஏழையாக வந்தார்.

முகத்தாலேயே இவ்வளவு சொல்லத் தெரிந்தவர், முதல் காட்ஜில்லா படத்தை இயக்கிய இஷிரோ ஹோண்டாவின் 'மிஸ்டீரியன்ஸ்' (1957) படத்தில் வேற்றுக்கிரகத் தலைவன் வேடத்தைத் தானே கேட்டு வாங்கினார். முகம் முழுக்கத் தலைக்கவசம், தோளில் நீண்ட அங்கி. முகம் தெரியாமல் போகுமே என்ற கவலை அவருக்கு இல்லை. எனக்கு அவர் மேல் மரியாதை கூடியது இதைத் தெரிந்துகொண்ட பிறகுதான்.

அப்புறம் 1965. குரோசாவாவின் 'ரெட் பியர்ட்' படத்தில் ஏழைகளுக்கான மருத்துவமனையில் அமைதியான வைத்தியர். அதே ஆண்டில் ஹோண்டாவின் காட்ஜில்லா படத்தில் எக்ஸ் கிரகத்தின் அதிபதி! கண்களை மறைக்கும் கறுப்புக் கண்ணாடி, தலையை ஒட்டிய குல்லாய். மிஞ்சியது குரலும் கைகளும்தான். விரல்களை வெடுக் வெடுக்கென்று அசைத்தே 'இவன் மனிதன் இல்லை' என்று நம்பவைத்துவிடுவார். இதை விளையாட்டு வேலை என்று அவர் நினைத்திருந்தால் அந்த விரல்களில் இத்தனை உழைப்பு இருந்திருக்காது.

நடுவில் 'ஹ்யூமன் வேப்பர்' (1960) படத்தில் வாயுவாக மாறக்கூடிய நூலகப் பணியாளர் வேடம். காதலிக்கும் நடனக்காரிக்காக வங்கியைக் கொள்ளையடிப்பவர். கட்டாயம் பாருங்கள்.

கடைசியாக ஒன்று. 1991-இல் காட்ஜில்லாவும் மூன்று தலை அசுரனான கிங் கிடோராவும் மோதும் படம், அப்போது அவருக்கு வயது 64. கதைப்படி, போர்க்காலத்தில் ஒரு தீவில் அவருடைய படைப்பிரிவை ஒரு டைனோசர் காப்பாற்றியிருக்கும். பிற்பாடு அதுதான் கதிர்வீச்சால் காட்ஜில்லாவாகிறது. அவரோ பெரிய தொழிலதிபராகிவிட்டார். டோக்கியோ இடிந்துகொண்டிருக்கும்போது எல்லோரும் ஓட, இவர் மட்டும் தன் அலுவலக மாடியில் நிற்கிறார். ஜன்னலுக்கு வெளியே காட்ஜில்லாவின் முகம். இரண்டு பேரும் கண்ணுக்குக் கண் பார்த்துக்கொள்கிறார்கள். சுச்சியா கண்கலங்கி, லேசாகத் தலையசைக்கிறார். அடுத்த கணம் அது கர்ஜித்துத் தீயைக் கக்குகிறது.

எதிரே இருந்தது ரப்பர் உடை போட்ட ஓர் ஆள் என்பது அந்தத் தலையசைப்பில் எனக்கு மறந்தே போனது.