கொலை வழக்கில் எதிரி விடுதலையானால் மேன்முறையீடு: வன்னியிலிருந்து வந்த கேள்விகள்

வவுனியாவில் குற்றவியல் வழக்குகளில் தோன்றும் சட்டத்தரணி நான். கொலை வழக்கில் சாட்சியங்கள் முரண்பட்டு எதிரி, அதாவது குற்றஞ்சாட்டப்பட்டவர், விடுதலையானால் அடுத்து என்ன என்பது பற்றி வந்த கேள்விகளுக்கு மட்டும் இங்கே பதில் சொல்கிறேன். நடந்துகொண்டிருக்கும் வழக்கின் பெயர்களை எழுத வேண்டாம்.

நெடுங்கேணி அக்கா: தம்பியின் கொலை வழக்கில் எதிரியை விட்டுவிட்டார்கள். நாங்கள் மேன்முறையீடு செய்யலாமா?

மேல் நீதிமன்றம் விடுதலை செய்தால் மேன்முறையீடு செய்யும் உரிமை சட்டமா அதிபருக்குத்தான் அக்கா. காலம் 14 நாள். தீர்ப்பு வந்த அன்றே அரச சட்டவாதியைப் பாருங்கள். எந்தச் சாட்சியை நீதிபதி தவறாக எடைபோட்டார் என்று எழுத்தில் கொடுங்கள். கோயில் திருவிழா முடியட்டும் என்று இருந்தால் போச்சு. மேன்முறையீடு இல்லாமல், தீர்ப்பைப் பரிசீலிக்கும்படி மேன்முறையீட்டு நீதிமன்றத்தைக் கேட்கும் மீளாய்வு மனு என்றும் ஒரு வழி உண்டு. ஆனால் அதற்கு விசேட காரணம் காட்ட வேண்டும், தாமதத்துக்கும் விளக்கம் சொல்ல வேண்டும். அதை நம்பி 14 நாளை விடாதீர்கள்.

மல்லாவி தம்பி: கண்ட சாட்சி கோடாலியால் தாக்கியதாகச் சொன்னார். வைத்தியர் வெட்டுக்காயமே இல்லை, மண்டை உடைந்திருந்தது என்றார். நீதிபதி இரண்டும் முரண் என்று விடுதலை செய்துவிட்டார். மேலே போனால் நிற்குமா?

நல்ல கேள்வி. கோடாலிக்கு வெட்டும் வாய் மட்டுமல்ல, மழுங்கிய பின்பக்கமான பிடரியும் உண்டு. எந்தப் பக்கத்தால் அடித்தான் என்று சாட்சியிடம் யாராவது கேட்டார்களா? பிடரியால் அப்படிக் காயம் வருமா என்று சட்ட வைத்திய அதிகாரியிடம் கேட்டார்களா? அவர் "வரலாம்" என்று சொல்லியும் நீதிபதி அதைக் கவனிக்காமல் விட்டிருந்தால், மேன்முறையீட்டுக்கு உயிர் இருக்கிறது. யாருமே கேட்கவில்லை என்றால் அந்த ஓட்டை வழக்குத்தொடுநருடையது. சந்தேகத்தின் பலன் எதிரிக்குப் போகும்.

முரண்பாடு இருக்கிறது, இல்லை என்பதோடு வாதம் முடியாது. அது வழக்கின் வேரைத் தொடுகிறதா என்பதுதான் விசயம். 1934இல் ஷியோ ஸ்வரூப் வழக்கில் அன்றைய பிரித்தானிய ஆட்சிப் பகுதிகளின் இறுதி மேன்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் சொன்னதை இன்றும் வாதத்தில் எடுக்கிறோம். விடுதலைத் தீர்ப்பிலும் மேன்முறையீட்டு மன்றம் சாட்சியம் முழுவதையும் மீள ஆராயலாம். ஆனால் சாட்சியை நேரில் பார்த்தவரின் கணிப்பு, விடுதலையால் குறையாத குற்றமற்றவர் என்ற அனுமானம், சந்தேகத்தின் பலன் ஆகியவற்றுக்கு உரிய இடம் கொடுக்க வேண்டும். "நாங்களாக இருந்தால் வேறு மாதிரி முடிவெடுத்திருப்போம்" என்று அந்த மன்றம் நினைப்பது மட்டும் போதாது.

புதுக்குடியிருப்பு அண்ணை: தீர்ப்பு வந்து இரண்டு மாதம். இப்போது போடலாமா?

14 நாள் அண்ணை. மீளாய்வைப் பற்றிக் கேட்க வேண்டுமானால் தீர்ப்புப் பிரதியோடு இந்தக் கிழமையே ஒரு சட்டத்தரணியிடம் போங்கள்.

ஓமந்தை, ஓய்வுபெற்ற ஆசிரியர்: ஒரு விசயத்தில் பொய் சொன்ன சாட்சியை மற்றதில் எப்படி நம்புவது? விடுதலை சரிதானே?

ஐயா, அப்படி ஒரு பழைய கோட்பாடு இருக்கிறது. ஆனால் எங்கள் நீதிமன்றங்கள் அதை இயந்திரம் போல் பிரயோகிப்பதில்லை. நம்பத்தக்க பகுதியைப் பிரித்தெடுக்க முடியுமா என்று பார்ப்பார்கள்.

ஒட்டுசுட்டான் தங்கச்சி: ஆசிரியருக்கு நான் பதில் சொல்கிறேன். அண்ணாவின் உடல் பக்கத்தில் கிடக்கும்போது பொலிஸ் என்னிடம் வாக்குமூலம் எடுத்தது. டோர்ச் வெளிச்சத்தைச் சொல்ல விட்டுவிட்டேன். பல வருசம் கழித்து மன்றில் சொன்னபோது பொய்க்காரி ஆக்கினார்கள்.

ஆசிரியர்: அந்த வெளிச்சத்தில்தானே ஆளை அடையாளம் கண்டீர்கள், பிள்ளை? நேரில் பார்த்த நீதிபதிக்குத் தெரியாதா?

இரண்டு பேரிடமும் நியாயம் இருக்கிறது. சொல்ல மறந்தது வேறு, மாற்றிச் சொன்னது வேறு. சாட்சியின் நினைவு நிழற்படம் அல்ல என்று 1983இல் பர்வாடா போகின்பாய் வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் சொன்னதை இங்கேயும் எடுத்துக்காட்டுகிறார்கள். ஆனால் தங்கச்சி, அடையாளமே அந்த வெளிச்சத்தில் தங்கியிருந்தால் அதைச் சின்ன விடுபடல் என்று தள்ள முடியாது. அதில் ஆசிரியர் பக்கம்.

"நேரில் பார்த்த நீதிபதி" என்பதில் நான் ஆசிரியரோடு இல்லை. நீதிபதிகள் இடமாற்றம் போகிறார்கள். ஒருவர் முன் சாட்சி சொல்லி முடிய, பின்னால் வந்தவர் எழுத்துப் பதிவை வாசித்துத் தீர்ப்பு எழுதலாம். அப்படியானால் சாட்சியின் முகத்தைத் தீர்ப்பு எழுதியவரும் பார்க்கவில்லை, மேன்முறையீட்டு நீதிபதியும் பார்க்கவில்லை. அங்கே நேரில் பார்த்தவரின் கணிப்புக்குக் கொடுக்கும் மரியாதை பெரிதும் மெலிந்துவிடும். உங்கள் வழக்கில் யார் முன் சாட்சி சொன்னீர்கள், யார் தீர்ப்பெழுதினார் என்று முதலில் பாருங்கள்.

ஆசிரியர்: நாடாளுமன்ற உறுப்பினர் ரவிராஜின் கொலை வழக்கில் என்ன நடந்தது? அதையும் மீள ஆராயலாமே?

அது நீதிபதிக்குப் பதிலாகப் பொதுமக்கள் குழு முடிவு சொல்லும் ஜூரி வழக்கு ஐயா. 2006 நவம்பர் 10 கொழும்பில் கொலை. 2016 டிசம்பரில் சிங்களம் பேசும் ஜூரி எதிரிகளை விடுவித்தது. குமாரபுரம் படுகொலை வழக்கிலும் அதே வருசம் ஜூலையில் அநுராதபுரத்தில் ஜூரி ஆறு இராணுவத்தினரை விடுவித்தது. தனி நீதிபதி காரணம் எழுத வேண்டும், அதைப் பிடித்து வாதாடலாம். ஜூரி காரணம் எழுதாது. அங்கே நீதிபதி ஜூரிக்குச் சொன்ன விளக்கவுரையில் சட்டப் பிழை தேடுவதுதான் பிரதான வழி. ஜூரியின் மொழி, இனம் பற்றி உங்களுக்கிருக்கும் கோபம் எனக்கும் புரிகிறது. அதைச் சட்டக் காரணமாக்குவது வேறு வேலை.

செட்டிகுளம்: ஒரே சாட்சிதான் இருந்தார். அதனால்தான் தோற்றோமா?

இல்லை. சான்றுக் கட்டளைச் சட்டம் 134ஆம் பிரிவு இத்தனை பேர் வேண்டும் என்று சொல்லவில்லை. ஒருவர் நம்பத்தக்கவராக இருந்தால் போதும்.

மாங்குளம்: விடுதலையானவரை மறுபடி வழக்கில் நிறுத்துவது ஒரே குற்றத்துக்கு இரண்டு விசாரணை ஆகாதா?

ஆகாது. மேன்முறையீடு அதே வழக்கின் தொடர்ச்சி. அங்கே மறுவிசாரணைக்கும் கட்டளையிடலாம்.

நெடுங்கேணியிலிருந்து இன்னொருவர்: குடும்பமே மேன்முறையீடு போடலாமா?

முதல் பதிலைப் படியுங்கள். 14 நாள்.





முள்ளியவளை: சட்டத்தரணிக்குக் கொடுக்கக் காசில்லை.

சட்ட உதவி ஆணைக்குழுவின் அலுவலகத்துக்குப் போங்கள். தீர்ப்புப் பிரதி, வழக்கு இலக்கம், அடையாள அட்டை மூன்றையும் கொண்டுபோங்கள். பிரதிக்கு இன்னும் விண்ணப்பிக்கவில்லை என்றால் முதலில் அதைச் செய்யுங்கள்.