ஓடிக்கொண்டிருக்கும் நிட்டிங் யூனிட்டை வாங்கும் முன், இயந்திரங்கள் மேல் கடன் இருக்கிறதா என்று நாமே பார்க்க முடியுமா?

முடியும். ஆனால் ஒரே இடத்தில் பார்த்துவிட்டு நிம்மதியாக எழுந்துவிட முடியாது. ஆடிட்டர் அலுவலகத்தில் எனக்கு இது அன்றாட வேலை என்பதால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன். நீங்கள் சொன்னது இவ்வளவு: திருப்பூர் பக்கம் வாடகைக் கட்டடத்தில் ஒரு யூனிட், சர்க்குலர் நிட்டிங் இயந்திரங்களோடு விலைக்கு வருகிறது. விற்பவர், "லோன் எதுவும் இல்லை, வேண்டுமானால் வில்லங்கம் போட்டுப் பாருங்கள்" என்கிறார்.

வில்லங்கச் சான்று இந்த விஷயத்தில் உங்களுக்கு உதவாது. பதிவுத்துறையின் வில்லங்கத்தில் வருவது நிலமும் கட்டடமும்தான். இயந்திரம், நூல் ஸ்டாக், பார்ட்டிகளிடமிருந்து வரவேண்டிய பாக்கி எதுவும் அதில் ஏறாது. வாடகைக் கட்டடத்துக்கு வில்லங்கம் போட்டால் கட்டட உரிமையாளர் வாங்கிய கடன்தான் தெரியவரும். வில்லங்கம் சுத்தமாக இருக்கிறது என்று நம்பி அட்வான்ஸ் கொடுத்துவிடாதீர்கள்.

முதலில் யூனிட் யார் பேரில் ஓடுகிறது என்று பாருங்கள். விற்பவரிடம் ஒரு பில் வாங்கி அதிலுள்ள ஜிஎஸ்டி எண்ணை எடுத்துக்கொள்ளுங்கள். முதல் இரண்டு இலக்கங்களை விட்டுவிட்டால் அடுத்த பத்தும் பான் எண். அந்தப் பத்தில் நான்காவது எழுத்து 'பி' என்றால் தனிநபர், அதாவது புரொப்ரைட்டர். 'எஃப்' என்றால் பார்ட்னர்ஷிப், 'சி' என்றால் கம்பெனி. எல்எல்பி (பொறுப்பு வரம்புள்ள பார்ட்னர்ஷிப்) என்றாலும் 'எஃப்' தான் வரும், அதை மட்டும் கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள்.

கம்பெனி என்றால் வேலை சுலபம். கம்பெனிச் சட்டம் 2013-இன் 77-ஆவது பிரிவுப்படி, சொத்தை ஈடாக வைத்து வாங்கும் கடனைப் பதிவாளரிடம் பதிய வேண்டும். கம்பெனி விவகார அமைச்சகத்தின் தளத்தில் கணக்கு ஒன்று திறந்து, அந்தக் கம்பெனியின் சார்ஜ் பட்டியலை, அதாவது சொத்தின் மேல் பதிந்த ஈடுகளின் பட்டியலைப் பார்க்கலாம். எந்த வங்கி, எவ்வளவு தொகை, எந்தத் தேதி, அடைத்தாகிவிட்டதா என்பதெல்லாம் அதிலேயே இருக்கும். அடைத்த தேதி காலியாக இருந்தால் அந்தச் சார்ஜ் இன்னும் உயிரோடு இருக்கிறது என்றே எடுத்துக்கொள்ளுங்கள். கடனைக் கட்டிவிட்டும், சார்ஜ் தீர்ந்தது என்று பதிவாளருக்குச் சொல்லும் சிஎச்ஜி-4 படிவம் போடாமல் விட்டவர்கள் நிறையப் பேர் உண்டு. அது நிஜமாகவே இருந்தாலும் நிரூபிக்க வேண்டியவர் விற்பவர்தான், நீங்கள் அல்ல. பதிவதற்கு 30 நாள் அவகாசம் உண்டு, தாமதக் கட்டணத்தோடு அது இன்னும் நீளும். அதனால் போன வாரம் வாங்கிய கடன் இன்று பட்டியலில் தெரியாமல் போகலாம்.

புரொப்ரைட்டர், பார்ட்னர்ஷிப் என்றால் இந்தப் பட்டியலே கிடையாது. திருப்பூர் யூனிட்களில் பெரும்பாலானவை அப்படித்தான். அங்கே உங்களுக்குக் கைகொடுப்பது செர்சாய். ஈடு வைத்த சொத்தை வங்கி கைப்பற்ற வழிசெய்யும் சர்ஃபேசி சட்டத்தின் கீழ், அப்படிப்பட்ட ஈடுகளைப் பதிய 2011-இல் செயல்படத் தொடங்கிய மத்தியப் பதிவகம் இது. ஒரே வீட்டுப் பத்திரத்தை வைத்து நான்கு வங்கிகளில் கடன் வாங்கும் மோசடியைத் தடுக்கத்தான் முதலில் ஆரம்பித்தார்கள். 2016-இல் இயந்திரம், ஸ்டாக், வரவேண்டிய பாக்கி ஆகியவற்றின் மேல் உள்ள ஹைப்பாதிகேஷனும் (பொருள் கடன்தாரர் கையிலேயே இருக்க, வங்கிக்கு ஈடாக எழுதிக்கொடுப்பது) இதற்குள் வந்தது. யார் வேண்டுமானாலும் சிறு கட்டணம் கட்டித் தேடலாம்.

சொத்தை வைத்தும் தேடலாம், கடன்தாரரை வைத்தும் தேடலாம். நான் எப்போதும் கடன்தாரரை வைத்து, பான் எண் போட்டுத்தான் தேடுவேன். முகவரியையும் இயந்திர விவரத்தையும் ஒவ்வொரு வங்கியும் தன் இஷ்டத்துக்கு அடித்து வைத்திருக்கும். நீங்கள் எழுதும் எழுத்துக்கூட்டல் அதோடு ஒத்துப்போகாவிட்டால் 'பதிவு இல்லை' என்று வந்துவிடும். புரொப்ரைட்டர் என்றால் அவருடைய சொந்தப் பானில் தேடுங்கள். பார்ட்னர்ஷிப் என்றால் நிறுவனத்தின் பான், ஒவ்வொரு பங்குதாரரின் பான் எல்லாவற்றிலும் தேடுங்கள்.

இதில் ஏன் இவ்வளவு கறாராக இருக்கச் சொல்கிறேன் என்றால், 2020 ஜனவரியில் நடைமுறைக்கு வந்த சர்ஃபேசி சட்டத் திருத்தத்தின்படி செர்சாயில் பதிந்த ஈடு ஊருக்கே அறிவித்ததற்குச் சமம். வாங்கிய பிறகு "எனக்குத் தெரியாது" என்று சொல்லித் தப்பிக்க முடியாது.

அப்புறம், "இது கொலாட்ரல் இல்லாத லோன், கவர்மென்ட் கியாரண்டி" என்று விற்பவர் சொன்னால் அங்கேயே நிறுத்திக் கேளுங்கள். சிறு தொழில்களுக்கான அரசு உத்தரவாதத் திட்டமான சிஜிடிஎம்எஸ்இ-யில் கொடுக்கும் கடனுக்கு வீட்டுப் பத்திரம் போன்ற கூடுதல் ஈடுதான் கேட்க மாட்டார்கள். அந்தக் கடனில் வாங்கிய இயந்திரம் வங்கிக்கு ஈடாகத்தான் இருக்கும். முத்ரா கடனிலும் அப்படித்தான். பொய் சொல்ல வேண்டும் என்ற எண்ணமே இல்லாமல், தன் இயந்திரம் மேல் கடனே இல்லை என்று நம்புகிறவர்களை நான் பார்த்திருக்கிறேன்.

யூனிட்டுக்குள் ஒரு நடை போய் வாருங்கள். நுழைவாசல் பக்கச் சுவரில், இங்குள்ள இயந்திரமும் சரக்கும் இன்ன வங்கிக்கு ஹைப்பாதிகேஷன் என்று பலகை இருக்கிறதா பாருங்கள். இயந்திரத்தின் உடம்பிலேயே வங்கிப் பெயரை எழுதி வைப்பதும் உண்டு. புதிதாகப் பெயின்ட் அடித்த இடம் இருந்தால் என்னவென்று கேளுங்கள். ஒவ்வொரு இயந்திரத்தின் சீரியல் நம்பரையும் அதன் நேம்பிளேட்டிலிருந்து போட்டோ எடுத்து, அசல் இன்வாய்ஸோடு ஒத்துப் பாருங்கள். இன்வாய்ஸ் ஏதாவது லீசிங் கம்பெனி பேரில் இருந்தால் அந்த இயந்திரம் விற்பவருடையதே இல்லை. டெம்போ, வேன் இருந்தால் ஆர்சி-யிலேயே ஹைப்பாதிகேஷன் பதிவு தெரியும்.

கடைசி இரண்டு வருட பேலன்ஸ் ஷீட்டையும் கேளுங்கள். வட்டிச் செலவு இருந்து கடன் இல்லை என்றால் கணக்கு உதைக்கிறது என்று அர்த்தம்.

தேடலில் கடன் வந்துவிட்டால் உடனே விலகி ஓட வேண்டியதில்லை. சிசி லோன் (அன்றாடச் செலவுக்கு வேண்டும்போது எடுத்துக் கட்டும் கேஷ் கிரெடிட் கடன்) இல்லாமல் ஓடும் யூனிட் அபூர்வம். வங்கியிடமிருந்து இன்றைய தேதிக்குப் பாக்கி எவ்வளவு என்று எழுத்தில் வாங்கித் தரச் சொல்லுங்கள். அந்தத் தொகையை விற்பவர் கையில் கொடுக்காமல், நேராக லோன் கணக்கில் கட்டுங்கள். வங்கி என்ஓசி (ஆட்சேபணை இல்லை என்ற கடிதம்) கொடுத்த பிறகு மீதியைக் கொடுங்கள். கொஞ்சம் பணத்தை நிறுத்திவைத்து, செர்சாயிலும், கம்பெனி என்றால் பதிவாளர் பட்டியலிலும், சார்ஜ் நீங்கியதைப் பார்த்த பிறகு விடுங்கள். பணம் கொடுக்கும் அன்று காலையில் அதே பானில் இன்னொரு தடவை தேடிவிடுங்கள்.

யூனிட்டை மொத்தமாக வாங்குவதால் இன்னொன்றும் இருக்கிறது. பழைய ஜிஎஸ்டி பாக்கிக்கும் பிஎஃப் பாக்கிக்கும் விற்றவரோடு சேர்த்து வாங்கியவரையும் சட்டம் பிடிக்கும். இவை மேலே சொன்ன எந்தப் பட்டியலிலும் தெரிய வேண்டிய கட்டாயமில்லை. அதற்குத் தனியாக ஒரு உறுதிமொழி ஒப்பந்தத்தில் எழுதி வாங்க வேண்டும், அதை வக்கீலிடம் விட்டுவிடுங்கள்.