கேளுங்கள், வாசிக்கிறேன்

கேள்வி: கால்களுக்கு நடுவே வைத்து வில்லால் வாசிக்கும் பழைய ஐரோப்பிய நரம்பு வாத்தியமான வயலா ட கம்பா வாசிக்கிறீர்கள், ஆவணப்படங்களுக்கு இசையமைக்கிறீர்கள். பரோக் இசையை, அதாவது 1600 முதல் 1750 வரையிலான ஐரோப்பிய இசையை, வைத்தால் படம் அரண்மனை, குதிரை வண்டி என்று பழைய வாடை அடிக்காதா?

பதில்: அடிக்கும், கோட்டையைக் காட்டும்போதெல்லாம் பியானோவுக்கு முந்தைய கட்டை வாத்தியமான ஹார்ப்சிகார்டைத் தட்டினால். எனக்குப் பிடித்தது அந்த இசையின் வயசு இல்லை, அதைக் கட்டியிருக்கிற விதம். கீழே சின்னதாக ஒரு பேஸ் வரி, அதாவது தாழ்ந்த ஸ்வரங்களின் வரி, சுற்றிச் சுற்றி வரும். மேலே வாசிப்பது மாறிக்கொண்டே போகும். கிரவுண்ட் பேஸ் என்பார்கள். ஆங்கில இசையமைப்பாளர் பர்செல்லின் ஓபராவில் வரும் டைடோ ராணியின் புலம்பல் இப்படிக் கட்டியதுதான். எடிட்டர் காட்சியில் பத்து விநாடியை வெட்டிவிட்டாரா? சரி, ஒரு சுற்றைக் கழற்றிவிடுவேன். கேட்பவருக்குத் தெரியாது.

இன்னொன்று, அந்தக் காலத்தில் பல இடங்களில் பேஸ் வரியையும் சில எண்களையும் மட்டும்தான் எழுதிக் கொடுப்பார்கள். அந்த எண்ணை எத்தனை ஸ்வரமாக விரிப்பது என்பது வாசிப்பவர் பாடு. படத்தில் ஒரு பாட்டி பேச ஆரம்பித்தால் இரண்டு ஸ்வரத்தோடு ஒதுங்கிவிடலாம். அவர் பேச்சை நிறுத்தி ஜன்னலைப் பார்க்கும்போது கை நிறைய வாசிக்கலாம்.

உங்களுக்கு ஒரு வேடிக்கை சொல்கிறேன். பிரெஞ்சு கம்பா கலைஞர் மாரேன் மாரே 1725-இல் வெளியிட்ட கம்பா தொகுப்பில், சிறுநீர்ப்பைக் கல்லை அறுத்தெடுப்பதைப் பற்றி ஒரு உருப்படி இருக்கிறது. மயக்க மருந்து இல்லாத காலம். ஸ்வரங்களோடு வரி வரியாக எழுதியிருக்கிறார்: கருவியைப் பார்க்கிறார், நடுங்குகிறார், கத்தி இறங்குகிறது, ரத்தம் வழிகிறது, படுக்கைக்குத் தூக்கிப் போகிறார்கள். சினிமா கேமரா வர இன்னும் நூற்றைம்பது வருடத்துக்கு மேல் இருக்கிறது, மனிதர் பின்னணிக் குரலோடு ஆவணப்படமே எடுத்துவிட்டார்!

கேள்வி: பரோக் இசையமைப்பாளர் பாக் 1750-இலேயே இறந்துவிட்டார். அவர் இசையை என் படத்தில் இலவசமாகப் போட்டுக்கொள்ளலாமா?

பதில்: அவர் எழுதியதைப் போடலாம். இன்றைக்கு ஒருவர் வாசித்துப் பதிவு செய்ததை அனுமதி இல்லாமல் போடக் கூடாது. பதிவுக்குத் தனி உரிமை உண்டு. என் பிழைப்பே அதில்தான் ஓடுகிறது.

கேள்வி: பெரிய சொதப்பல் ஏதாவது?

பதில்: முதல் படமே. பரோக் வாத்தியங்களை நாங்கள் பெரும்பாலும் ‘A’ என்ற ஸ்வரம் 415 ஹெர்ட்ஸில் வரும்படி சுருதி சேர்ப்போம். இன்றைய பியானோவில் அதே ஸ்வரம் 440. கிட்டத்தட்ட அரைக்கட்டை வித்தியாசம். இதை நான் யாரிடமும் சொல்லவில்லை. ஒலிக்கலவை நாளன்று போனால், என் கம்பாவுக்கு அடியில் பியானோ சேர்த்து வைத்திருக்கிறார்கள். இரண்டும் சேர்ந்து கேட்க, பல் கூசியது. கணினியில் கம்பாவின் சுருதியை ஏற்றிப் பார்த்தார்கள். ஆட்டுக்குடல் நரம்பின் கரகரப்பு போய்க் கொசு மாதிரி ஆனது. சரி, நானே மறுபடி வாசிக்கிறேன் என்று முறுக்கினேன். மேல் நரம்பு அறுந்து கன்னத்தில் ஒன்று வைத்தது. கடைசியில் பியானோக்காரரைக் கூப்பிட்டோம். அவர் சிரித்துவிட்டு, எல்லாவற்றையும் அரைக்கட்டை இறக்கி இருபது நிமிடத்தில் வாசித்துவிட்டுப் போனார். இப்போது ஒப்பந்தத்தில் சம்பளத்துக்கு முன்னால் 415 என்று எழுதிவிடுகிறேன்.