வீட்டுக்குள் சேர்ந்து விளையாட எந்த ஐபி முகவரியைக் கொடுப்பது?

கேள்வி: செந்தூலில் அடுக்குமாடி வீடு. நானும் தம்பியும் ஆளுக்கொரு விண்டோஸ் மடிக்கணினியில் மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பு விளையாடுகிறோம். அவன் திறக்கும் உலகம் என் பட்டியலில் வருவதே இல்லை. நம் ஐபி முகவரியைக் காட்டும் இணையத்தளம் ஒன்றில் எண்ணைப் பார்த்துப் போட்டேன், அதுவும் இணையவில்லை. எந்த எண்ணைப் போட வேண்டும்? அது மாறாமல் இருக்க வழி உண்டா?

பதில்:

அந்தத் தளம் காட்டியது தம்பியின் கணினிக்குரிய எண் அல்ல. வீட்டிலுள்ள அத்தனை கருவிகளும் வெளியுலகுக்குப் போகும்போது பொதுவாகப் பயன்படுத்தும் வெளி எண் அது. சில இணையச் சேவைகளில் அதுகூட உங்கள் வீட்டுக்கு மட்டும் உரியதாக இருக்காது; பல வீடுகள் ஒரே எண்ணைப் பகிர்ந்துகொண்டிருக்கும். உங்களுக்குத் தேவை, ரூட்டர் தம்பியின் கணினிக்குக் கொடுத்திருக்கும் உள் எண்.

அதைக் கண்டுபிடிப்பது அரை நிமிட வேலை. இணையத்தில் கிடைக்கும் காணொளிகள் பெரும்பாலும் அதோடு நிறுத்திக்கொள்கின்றன, ஆட்கள் அங்கேதான் மாட்டிக்கொள்கிறார்கள். ஒரு கணினியின் எண்ணை மட்டும் தெரிந்துகொண்டு பயனில்லை. இரண்டு கணினிகளின் எண்களையும் ஒரு தாளில் மேலும் கீழுமாக எழுதிப் பாருங்கள். கோளாறு எங்கே என்பதைப் பாதி நேரம் அந்த எண்களே சொல்லிவிடும்.

முதலில் எண்ணை எடுக்கும் வழி. விண்டோஸ் விசையையும் ஆர் விசையையும் சேர்த்து அழுத்தி, சிஎம்டி (cmd) என்று ஆங்கிலத்தில் தட்டி என்டர் அழுத்தினால் கறுப்புப் பெட்டி திறக்கும். அதில் ஐபிகான்ஃபிக் (ipconfig) என்பதை இடைவெளி விடாமல் ஆங்கிலத்தில் தட்டி என்டர் அழுத்துங்கள். பெட்டி முழுக்க வரிகள் ஓடும். பயப்பட வேண்டாம். ஐபிவி4 அட்ரஸ் என்று தொடங்கி, வரிசையாகப் புள்ளிகள் போட்டு, கடைசியில் 192.168.0.104 போன்ற எண்ணோடு முடியும் வரிதான் வேண்டும். மேக் கணினியில் ஆப்ஷன் விசையை அழுத்திக்கொண்டு மேலே இருக்கும் வைஃபை சின்னத்தைச் சொடுக்கினால் போதும். திறன்பேசியில் வைஃபை அமைப்புக்குள் சென்று, இணைந்திருக்கும் வலையமைப்பின் பெயரைத் தொட்டால் எண் தெரியும்.

சிக்கல் என்னவென்றால், அந்தக் கறுப்புப் பெட்டியில் ஐபிவி4 வரி ஒன்றுக்கு மேல் இருக்கலாம். பட்டர்வொர்த்திலிருந்து விடுமுறைக்கு எங்கள் வீட்டுக்கு வந்த அக்காள் மகன் கல்லூரிப் பாடத்துக்காக விர்ச்சுவல்பாக்ஸ் என்ற, கணினிக்குள் இன்னொரு கற்பனைக் கணினியை ஓட்டும் மென்பொருளை நிறுவி வைத்திருந்தான். முதலில் கண்ணில் பட்ட 192.168.56.1 என்ற எண்ணைக் கூடத்தில் இருந்த அத்தனை பிள்ளைகளுக்கும் சொல்லிவிட்டான். ஒருவராலும் நுழைய முடியவில்லை. பார்த்தால் நல்ல எண் மாதிரியேதான் இருக்கிறது, 192.168 என்றுதானே தொடங்குகிறது? ஆனால் அது அவனுடைய கணினிக்குள்ளேயே இருக்கும் கற்பனை வலையமைப்பின் எண். கணினியை விட்டு வெளியே அதற்கு வழியே கிடையாது. ஹைப்பர்-வி, லினக்ஸ் துணையமைப்பு ஆகியவற்றை இயக்கியிருந்தாலும் 172 என்று தொடங்கும் எண் ஒன்று இதேபோல் நடுவில் வந்து நிற்கும்.

இதில் ஏமாறாமல் இருக்க எளிய வழி ஒன்று உண்டு. ஒவ்வொரு பகுதியிலும் டிஃபால்ட் கேட்வே என்ற வரியைப் பாருங்கள்; ரூட்டரின் எண் வரும் இடம் அது. எதில் அந்த வரி நிரம்பியிருக்கிறதோ, அதன் ஐபிவி4 எண்ணை எடுத்துக்கொள்ளுங்கள். கற்பனை வலையமைப்புகளில் அந்த இடம் பொதுவாக வெறுமையாக இருக்கும். விபிஎன் ஏதாவது ஓடிக்கொண்டிருந்தால் அதை நிறுத்திவிட்டுப் பாருங்கள். விளையாட்டுக்கு விபிஎன் தேவையில்லை, குறுக்கே நிற்பதுதான் மிச்சம்.

இனி எண்களைப் படிக்கலாம். 10 என்று தொடங்குபவை, 172.16 முதல் 172.31 வரை உள்ளவை, 192.168 என்று தொடங்குபவை: இந்த மூன்று கூட்டத்தையும் உள் வலையமைப்புகளுக்கென்று ஒதுக்கிவைத்தது 1996இல் வெளியான ஆர்எஃப்சி 1918 என்ற இணையத் தரநிலை ஆவணம். ஒவ்வொரு லோரோங்கிலும், அதாவது சந்திலும், 12ஆம் எண் வீடு இருப்பதைப் போல, செந்தூலிலும் கெப்போங்கிலும் பினாங்கிலும் 192.168.0.104 என்ற கணினி இருக்கும். அந்தந்த வீட்டுக்குள் மட்டுமே அதற்குப் பொருள். ஆகவே இந்த எண்ணைத் தம்பியின் நண்பனிடம் சொல்லிவிட்டோமே என்று அஞ்ச வேண்டியதில்லை. அவன் தன் வீட்டில் உட்கார்ந்துகொண்டு இதைப் போட்டால் தன் வீட்டுக் கருவியைத்தான் தட்டுவான்.

சப்நெட் மாஸ்க் என்ற வரியில் 255.255.255.0 என்று இருந்தால், வீடுகளில் பெரும்பாலும் அப்படித்தான் இருக்கும், இரண்டு கணினிகளுக்கும் முதல் மூன்று பகுதிகள் ஒன்றாக இருக்க வேண்டும். கடைசிப் பகுதி வேறாக இருக்க வேண்டும். உங்களுடையது 192.168.0.104, தம்பியுடையது 192.168.0.107 என்றால் நலம். உங்களுடையது 192.168.0.104, அவனுடையது 192.168.1.15 என்றால்? கோலாலம்பூர் அடுக்குமாடிகளில் நான் அதிகமாகப் பார்ப்பது இதைத்தான்.

காரணம் கான்கிரீட் சுவர். ஃபைபர் கம்பி வாசலருகே வந்து முடிகிறது. சேவை நிறுவனம் கொடுத்த ரூட்டரும் அங்கேயே உட்கார்ந்துவிடுகிறது. பின்னறைக்கு வைஃபை எட்டுவதில்லை. லோயாட் பிளாசாவுக்குப் போய் இன்னொரு ரூட்டர் வாங்கி வந்து, முதல் ரூட்டரிலிருந்து ஒரு கம்பியை இழுத்து அதன் வேன் (WAN) துளையில் செருகிவிடுகிறோம். இணையம் அருமையாக வருகிறது. யாருக்கும் எந்தக் குறையும் தெரிவதில்லை. ஆனால் அந்த நொடியே வீட்டுக்குள் இரண்டு வலையமைப்புகள் உருவாகிவிடுகின்றன. கூடத்தில் இருப்பவர் ஒன்றில், பின்னறையில் இருப்பவர் மற்றொன்றில். மைன்கிராஃப்ட் போன்ற விளையாட்டுகள் 'இங்கே ஓர் உலகம் திறந்திருக்கிறது' என்று தம் வலையமைப்புக்குள் மட்டுமே அறிவிக்கும். அந்த அறிவிப்பு ரூட்டரைத் தாண்டாது. பட்டியல் காலியாக இருப்பது அதனால்தான்.

நிரந்தரத் தீர்வு, இரண்டாவது ரூட்டரின் அமைப்புப் பக்கத்தில் ஆக்சஸ் பாயின்ட் என்ற முறைக்கு மாற்றுவது. அதன்பின் அது எண் வழங்காது. வைஃபையை நீட்டித்துக் கொடுப்பதோடு சரி. எல்லா எண்களையும் வாசலில் இருக்கும் முதல் ரூட்டரே வழங்கும். அப்பாவிடம் கடவுச்சொல் இல்லை, அவர் வேலை முடிந்து வரும்வரை காத்திருக்க முடியாது என்றால் ஒரு குறுக்கு வழி இருக்கிறது. உலகத்தைத் திறப்பவர் வாசல் ரூட்டரோடு இணைந்திருக்கட்டும்; பின்னறை ரூட்டரோடு இணைந்திருப்பவர் அந்த எண்ணை நேரடியாகத் தட்டி நுழையட்டும். உள் ரூட்டரிலிருந்து வெளிப்புறம் நோக்கிப் போக முடியும், எதிர்த்திசையில்தான் தடை. யார் உலகத்தைத் திறப்பது என்பதை மாற்றினாலே பல நேரம் வேலை முடிந்துவிடுகிறது, இது ஏனோ பலருக்கும் தோன்றுவதில்லை.

எண் 169.254 என்று தொடங்கினால், கணினி ரூட்டரிடம் எண் கேட்டுக் கிடைக்காமல் தானே ஒன்றை வைத்துக்கொண்டது என்று பொருள். வைஃபையைத் துண்டித்து மீண்டும் இணைக்கவும். இதற்கு ஒரு விலக்கு உண்டு: இரண்டு மடிக்கணினிகளை ஒரே நெட்வொர்க் கம்பியால் நேரடியாக இணைத்தால் இரண்டுக்குமே 169.254 எண்தான் வரும், அதை வைத்து விளையாடவும் முடியும். இணையமே தேவைப்படாத விளையாட்டு என்றால் ரூட்டர்கூட வேண்டாம். 127.0.0.1 என்பது எந்தக் கணினியிலும் 'நானே' என்று பொருள்படும் எண். அதைத் தம்பி உங்களுக்குச் சொன்னால் நீங்கள் உங்கள் கதவையே தட்டிக்கொண்டிருப்பீர்கள்.

வாடகை அறையில் இருப்பவர்கள் இதையும் படிக்கக்கூடும் என்பதால் ஒரு வார்த்தை. எண்கள் ஒரே கூட்டத்தில் இருந்தும் ஒன்றையொன்று பார்க்கவில்லை என்றால், வீட்டுக்காரர் விருந்தினர் வைஃபையைக் கொடுத்திருக்கிறாரா என்று பாருங்கள். அதில் கருவிகள் தங்களுக்குள் பேச முடியாதபடி தடுக்கப்பட்டிருக்கும். அது பாதுகாப்புக்காகச் செய்வது, கோளாறு அல்ல. திறன்பேசியில் ஹாட்ஸ்பாட் போட்டு இரண்டு பேரும் அதில் சேர்ந்துகொள்ளலாம்.

இப்போது மைன்கிராஃப்ட். தம்பி எஸ்கேப் விசையை அழுத்தி ஓப்பன் டு லேன் என்பதைத் தேர்ந்தெடுத்ததும், திரையின் கீழே அரட்டைப் பகுதியில் ஒரு போர்ட் எண் வரும்; ஐபி எண் வீடு என்றால், போர்ட் அதில் எந்தக் கதவு என்று சொல்லும் எண். சில நொடிகளில் மங்கிவிடும். டி விசையை அழுத்தினால் திரும்பப் பார்க்கலாம். நீங்கள் மல்டிபிளேயர் பகுதியில் டைரக்ட் கனெக்ஷனுக்குள் சென்று, அவனுடைய ஐபி எண்ணையும் முக்காற்புள்ளியையும் போர்ட் எண்ணையும் இடைவெளியின்றித் தட்ட வேண்டும். போர்ட்டை விட்டுவிட்டால் விளையாட்டு 25565 என்று தானே எடுத்துக்கொள்ளும். தம்பியின் உலகம் திறந்திருப்பது வேறு போர்ட்டில் என்றால் இணையாது. ஒவ்வொரு முறை திறக்கும்போதும் அந்த எண் மாறும். புதிய பதிப்புகளில் திறக்கும்போதே நாம் விரும்பும் எண்ணைக் குறித்துவிடலாம், 25565 என்றே வைத்துக்கொள்ளுங்கள். இருவரிடமும் ஒரே பதிப்பு எண் இருக்க வேண்டும், தனித்தனிக் கணக்கும் வேண்டும். பெட்ராக் பதிப்பு வைத்திருப்பவர் ஜாவா உலகத்துக்குள் நுழைய முடியாது.

எல்லாம் சரியாக இருந்தும் இணையவில்லை என்றால், வெளியிலிருந்து வரும் இணைப்புகளைத் தடுக்கும் காவலான விண்டோஸ் ஃபயர்வாலைச் சந்தேகியுங்கள். முதன்முறை உலகத்தைத் திறந்தபோது அனுமதி கேட்டு ஒரு சிறு பெட்டி வந்திருக்கும். விளையாட்டுக்கு நடுவில் வருவதால் பிள்ளைகள் கேன்சல் அழுத்திவிடுவார்கள். விண்டோஸ் அதையே தடையுத்தரவாக எழுதி வைத்துக்கொண்டு, அதன்பின் கேட்பதே இல்லை. ஃபயர்வால் அமைப்பில் அனுமதிக்கப்பட்ட செயலிகளின் பட்டியலைத் திறந்து, ஜாவா அல்லது ஓப்பன்ஜேடிகே என்று வருபவற்றுக்குப் பிரைவேட் என்ற கட்டத்தில் குறியிடுங்கள். கூடவே வீட்டு வைஃபையின் விவரப் பக்கத்தில் அது பப்ளிக் என்று இருந்தால் பிரைவேட் என்று மாற்றுங்கள். ஃபயர்வாலை மொத்தமாக அணைத்துவிடச் சொல்பவர்களின் பேச்சைக் கேட்காதீர்கள். விளையாட்டு முடிந்ததும் அதைத் திரும்பப் போட எவருக்கும் நினைவிருப்பதில்லை.

இன்னொரு கருவி பதில் தருகிறதா என்று பார்க்கும் பிங் கட்டளையால் சோதிப்பதிலும் ஒரு கண்ணி இருக்கிறது. விண்டோஸ் கணினி பிங்குக்குப் பதில் சொல்லாமலே விளையாட்டை அனுமதிக்கக்கூடும். அதனால் பதில் வரவில்லை என்பதை வைத்து முடிவுக்கு வராதீர்கள். ரூட்டரின் எண்ணைப் பிங் செய்து பாருங்கள், அதுதான் நம்பகமான சோதனை. ரூட்டரில் போர்ட் ஃபார்வர்டிங் செய்யச் சொல்லும் யோசனைகளையும் ஒதுக்கிவிடலாம். அது வெளியாட்கள் உள்ளே வருவதற்கான வழி, ஒரே வீட்டில் இருப்பவர்களுக்கு அதில் வேலையில்லை.

எண் மாறாமல் இருக்க வேண்டும் என்ற உங்கள் இரண்டாவது கேள்வி நியாயமானது. ரூட்டர் கொடுக்கும் எண் ஒரு தவணைக்குத்தான். நம் ஊரில் பிற்பகல் இடிமழைக்கு மின்சாரம் போய் வந்தாலே எண்கள் இடம் மாறிவிடுவது உண்டு. இதற்காகக் கணினியில் எண்ணைக் கையால் எழுதிவைப்பதை நான் பரிந்துரைக்க மாட்டேன். அதே மடிக்கணினியைக் கல்லூரிக்கோ உறவினர் வீட்டுக்கோ எடுத்துச் சென்றால் அங்கே இணையம் வராமல் திண்டாடுவீர்கள். ரூட்டரிடமே சொல்லிவைப்பது மேல். டிஃபால்ட் கேட்வே எண்ணை உலாவியில் தட்டி ரூட்டருக்குள் நுழைந்து, எண் வழங்குவதைக் கவனிக்கும் டிஎச்சிபி பகுதியில் அட்ரஸ் ரிசர்வேஷன் என்பதைத் தேடுங்கள். இணைந்திருக்கும் கருவிகளின் பட்டியலில் தம்பியின் கணினியைத் தேர்ந்தெடுத்து ஓர் எண்ணை ஒதுக்கிவிட்டால், எத்தனை இடி இடித்தாலும் அவனுக்கு அதே எண்தான். கணினியின் மேக் முகவரியை (வலையமைப்பில் ஒவ்வொரு கருவிக்கும் உள்ள அடையாள எண்; மேக் கணினிக்கும் இதற்கும் தொடர்பில்லை) வைத்து ரூட்டர் அடையாளம் காண்கிறது. திறன்பேசிக்கு ஒதுக்குவதானால் ஒரு படி கூடுதல்: ஆண்ட்ராய்டு 10 முதலும் ஐஓஎஸ் 14 முதலும் திறன்பேசிகள் உண்மையான மேக் முகவரியை மறைத்து மாற்று முகவரி காட்டுகின்றன; வீட்டு வைஃபைக்கு மட்டும் அந்த அமைப்பை அணைத்துவிடுங்கள்.

வேறு ஊரில் இருக்கும் உறவுக்காரப் பிள்ளைகளையும் சேர்க்க வேண்டுமானால் இந்த எண்கள் எதுவும் உதவாது. டெயில்ஸ்கேல், ஜீரோடியர் போன்ற செயலிகள் இரண்டு வீட்டுக் கணினிகளையும் ஒரே வலையமைப்பில் இருப்பதுபோல் இணைத்துத் தரும். டெயில்ஸ்கேலில் 100 என்று தொடங்கும் எண் கிடைக்கும். உலகம் பட்டியலில் தானாக வராது, எண்ணையும் போர்ட்டையும் தட்டித்தான் நுழைய வேண்டும். பட்டியலில் தானாக வந்தால்தான் பிள்ளைகளுக்குச் சரிப்படும் என்றால் ஜீரோடியரை முயன்று பாருங்கள்.